பிற்பகலில் சேர்ந்தவர்

எங்கள் ஆபீசில் கண்காணிப்பாளர் நாற்காலி ஒரு வருஷத்துக்கு மேல் காலியாகக் கிடந்தது. அதற்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் அண்ணாச்சி. எனக்குத்தான் பதவி உயர்வு என்று உத்தரவு வந்தது. அண்ணாச்சி மதுரை ஹைகோர்ட்டுக்குப் போய் அதற்குத் தடை வாங்கிவிட்டார். கேஸ் நடந்த நாளெல்லாம் இரண்டு பேரும் பழையபடி அவரவர் மேஜையில் உட்கார்ந்து ஃபைல் பார்த்துக்கொண்டிருந்தோம்.

நாங்கள் இருவருமே கருணை அடிப்படையில் வேலைக்கு வந்தவர்கள். என் அப்பாவும் சர்வீஸில் இருக்கும்போதே இறந்தார், அவர் அப்பாவும் அப்படித்தான். தென்காசியில் இருவரும் வேலையில் சேர்ந்தது ஒரே நாள். நான் முற்பகல், அவர் பிற்பகல். ஒரே வேளையில் சேர்ந்திருந்தால் வயதில் மூத்தவர் என்று அவர்தான் சீனியர். அந்த அரை நாளில் நான் முந்திவிட்டேன். எனக்கு இன்னும் சர்வீஸ் நிறையக் கிடக்கிறது. அவருக்கோ சீக்கிரமே ஓய்வு. இதை விட்டால் உதவியாளராகவே வீட்டுக்குப் போகவேண்டியதுதான்.

எனக்கு முன்கோபம் அதிகம். தடை வந்த அன்று நேராக அவர் மேஜைக்கே போனேன். “இத்தன வருஷம் தங்கச்சி தங்கச்சின்னு கூப்பிட்டது இதுக்குத்தானா அண்ணாச்சி?”

“தங்கச்சி வேற, கேஸ் வேற. ஒரே நாளுன்னா ஒரே நாளுதானம்மா? கேட்டுப் பாக்குதேன். இல்லன்னு சொல்லிட்டா விட்டுருதேன்” என்றார். மறுநாள் வழக்கம்போல எனக்கும் சேர்த்து டீ சொன்னார். நான் தொடவில்லை. அதற்கு மறுநாள் குடித்தேன். எத்தனை நாள்தான் வீம்பு பிடிப்பது.

வாய்தாவுக்கு இரண்டு பேரும் ஒரே பஸ்ஸில்தான் போவோம். கோர்ட் நேரத்துக்குத் தோதான பஸ் அது ஒன்றுதான். “எதிராளிகூடவா ஒண்ணா போற?” என்று என் வீட்டுக்காரர் சிரிப்பார். அண்ணாச்சி தன் ஊரான இலஞ்சியிலிருந்து எனக்கு முன்னாலேயே வந்து, ஜன்னலோர சீட்டில் எனக்காகத் துண்டு போட்டு வைத்திருப்பார்.

கடைசி விசாரணையன்று அவருடைய வக்கீல் புதிதாக ஒன்றைச் சொன்னார். வேலையில் சேர்ந்த அன்று அண்ணாச்சி காலையிலேயே ஆபீசுக்கு வந்துவிட்டாராம். அதற்குள் அதிகாரி என்னைச் சேர்த்துக்கொண்ட கையோடு வெளியூர் முகாமுக்குக் கிளம்பிவிட்டாராம். அவர் திரும்பும்வரை வராந்தாவில் காத்திருந்ததால்தான் மதியம் ஆனதாம். அந்த அதிகாரி இறந்து பல காலம் ஆகிறது. என்னை அன்று முழுக்க ரெக்கார்டு ரூமில் உட்காரவைத்திருந்தார்கள். இல்லை என்று சொல்ல உலகத்தில் ஓர் ஆள் கிடையாது. அவ்வளவுதான், போச்சு என்று நினைத்துக்கொண்டேன்.

நீதிபதி, மனுதாரர் வந்திருக்கிறாரா என்று கேட்டார். பின்னாலிருந்து அண்ணாச்சி எழுந்து கும்பிட்டார்.

“அன்னைக்குக் காலையில ஆபீசுக்கு வந்து காத்திருந்தீங்களா?”

வக்கீல் திரும்பிப் பார்த்து, ஆமாம் சொல்லும்படி தலையை ஆட்டினார்.

“இல்லீங்கய்யா” என்றார் அண்ணாச்சி. “நான் குத்தாலத்துல நின்னேன். எங்கப்பா செத்து வந்த வேலை. ஒரு முழுக்குப் போடாம அதுல போயி உக்கார மனசு வரல. அன்னைக்கு அருவியில வெள்ளம், போலீஸ் குளிக்க விடல. தண்ணி குறையுற மட்டும் நின்னு, குளிச்சுட்டுத்தான் வந்தேன்.”

வக்கீல் கையிலிருந்த கேஸ் கட்டை மேஜைமேல் வைத்துவிட்டார். எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. ஜெயித்துவிட்டேன் என்பது அந்த நிமிஷம் எனக்கு உறைக்கவே இல்லை. இப்படியும் ஒரு மனுஷன் என் பக்கத்து மேஜையில் இத்தனை காலம் இருந்திருக்கிறாரே என்றுதான் தோன்றியது.

திரும்பும் பஸ்ஸில் கேட்டேன். “ஒரு ஆமாம் சொல்லியிருந்தா போதுமே அண்ணாச்சி?”

“வக்கீல் இங்கிலீஷ்ல எழுதிட்டு வந்தாரு, கையெழுத்துப் போட்டேன். உள்ள இப்படி இருக்குன்னு அங்கன வச்சுத்தான் எனக்கே தெரியும். எங்கப்பாவுக்காவ நின்ன காலை தங்கச்சி அது. அத நிக்கலன்னு எப்படிச் சொல்ல?” என்றவர், ராஜபாளையம் தாண்டுவதற்குள் தூங்கிவிட்டார். நான் தூங்கவில்லை. வழிநெடுக அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு வந்தேன், கோயிலில் நிற்கிற மாதிரி இருந்தது.

மனு தள்ளுபடியானது. நான் அந்த நாற்காலியில் போய் உட்கார்ந்த அன்று முதலில் எழுந்து நின்றவர் அண்ணாச்சிதான். “வாங்க மேடம்” என்று வாய் நிறையச் சிரித்தார். நான்தான் கூச்சத்தில் குனிந்துகொண்டேன்.

அவர் ஓய்வு பெற்ற மாதம் சீசன் நன்றாக இருந்தது. வெளியே சாரல் அடித்துக்கொண்டிருந்தது. விடுவிப்பு உத்தரவு என் சுருக்கொப்பத்துக்கு வந்தது. அரசாங்கத்தில் எவருக்கும் மாதக் கடைசி நாள் பிற்பகலில்தான் ஓய்வு, அது எனக்குத் தெரியாததல்ல. ஆனாலும் ‘பிற்பகல்’ என்ற அந்த வார்த்தையில் வந்து பேனா நின்றுவிட்டது. கண் நிறைந்துவிட்டது.

மாலையும் கழுத்துமாக எதிரில் நின்றவர் எட்டிப் பார்த்தார். “போடுங்க மேடம். பிற்பகல் நமக்குப் பழக்கந்தானே.”

போட்டேன். ஓய்வு பெறுகிறவரை ஆபீஸ் ஜீப்பில் வீட்டில் கொண்டுபோய் விடுவது எங்கள் வழக்கம். வாசலில் ஜீப் நின்றது. அண்ணாச்சி பையிலிருந்து துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டார்.

“ஜீப்ப மட்டும் குத்தாலம் வழியா விடச் சொல்லு தங்கச்சி. அப்பாட்ட, வேலை முடிஞ்சுதுன்னு சொல்லிட்டுப் போவணும்.”