நிருபமா சூர் திறந்த ஜன்னல்

இரண்டு விரல் அகலமுள்ள இடத்துக்காகப் பதினோரு வருடமாக வழக்கு நடத்துகிற ஒருவர், இன்னொருவருக்காக எதையாவது விட்டுக்கொடுப்பாரா? நிருபமா சூரைப் பற்றி எங்கள் சங்காரி பஜாரில் எல்லோருக்கும் இருந்த சந்தேகம் இதுதான்.

பழைய டாக்காவின் இந்தச் சந்தில் ஒவ்வொரு வீடும் ஓர் அறை அகலம்தான். ஒரு வீட்டு ஈரச்சேலை இன்னொரு வீட்டாரின் தலையில் சொட்டும். யாரும் பெரிதுபடுத்துவதில்லை, நிருபமாவைத் தவிர. டெலிபோன் ஆபீசில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், தனியாள்; சந்துக்கே 'தீதி', அதாவது அக்கா. பக்கத்து வீட்டு பலாய் நந்தியின் மழைநீர்க் குழாய் தன் சுவர்மேல் இரண்டு விரல் ஏறியிருக்கிறது என்பது அவர் வழக்கு.

துர்கா பூஜைக்கு இங்கே தரையில் பந்தல் போட முடியாது. மூங்கில் நட்டு, தலைக்கு மேலே மேடை கட்டித் தேவியை அமர்த்துவோம். சனம் அடியில் போய்வரும். மேடையின் நான்கு மூலைகளையும் ஜன்னல் கம்பிகளில் இழுத்துக் கட்ட வேண்டும். சந்து சற்றே அகலும் இடம் நிருபமா வீட்டு வாசல்தான். அவரோ, "என் கம்பியில கயிறு பட்டா, அறுத்துக் கையில குடுப்பேன்" என்பார். அதனால் அந்த மூலை மட்டும் வருடா வருடம் வெறும் மூங்கிலை நம்பி நின்றது.

ஒரு வருடம் தசமியன்று பிற்பகல் தேவியை ஆற்றில் கரைக்கக் கொண்டுபோக இறக்கிக்கொண்டிருந்தார்கள். மேளம் காதைப் பிளந்தது. பெண்கள் குலவையிட்டார்கள். நான் எதிர்வீட்டு மாடியில் நின்றேன். சிலை மேடை விளிம்புக்கு வந்த கணத்தில் அந்த மூலை மூங்கில் படாரென்று பிளந்தது. மேடை சாய்ந்தது. அடியில் இருந்த பலாய் தோளைக் கொடுத்துத் தாங்கினார். அவருக்குப் பின்னால், நகர வழியில்லாமல், நூறு பேர்.

"கயிறு! கயிறை எங்கேயாவது கட்டுங்கடா!"

"எங்கடா கட்டுறது? அந்தப் பக்கம் அவங்க ஜன்னல்தான் இருக்கு!"

"நிரு தீதி! ஜன்னலைத் திறங்க!"

சாத்தியிருந்த பலகைக் கதவுகள் திறந்தன. "கத்தாதீங்க. தூக்கிப் போடு!"

முதல் வீச்சு தவறியது.

"சோறு திங்கறியா இல்லையா? மறுபடி போடு!"

இரண்டாவதை எட்டிப் பிடித்தார். கம்பியில் மூன்று சுற்று சுற்றி, ஒரு காலைச் சுவரில் உதைத்துச் சாய்ந்தார். மேடை நின்றது.

"இப்ப இறக்கு! மெதுவா! பலாய், நீ அசையாதே, அசைஞ்சே கொன்னுடுவேன்!"

"அசைய எங்கே தீதி இடம்? உங்க சுவத்துல சாஞ்சுக்கட்டுமா?"

"சாஞ்சு பாரு!"

சந்தே சிரித்தது. சிரிப்பு அடங்கும் முன் தேவி தரையில் நின்றாள். "ஜெய் துர்கா!" என்று எழுந்த சத்தத்தில் என் கைப்பிடிச் சுவர் அதிர்ந்தது. பலாய் வெளியே வந்து கை கூப்பினார்.

"தீதி, நாளைக்கே அந்தக் குழாயைக் கழட்டிடறேன்."

"கோர்ட்டு சொன்னதும் கழட்டு."

நிருபமாவின் உள்ளங்கைகளில் தோல் உரிந்திருந்தது. அதற்காக அவரைப் பெரிய மனுஷி என்று சொல்ல எனக்கு நா எழவில்லை. ஒரு மதியம் ஒரு வாழ்க்கையை மாற்றிவிடாது.

மறுநாள், பூஜை நடத்தும் கிளப்பின் செயலாளர் கயிற்றை அவிழ்க்க வந்தார்.

"கயிறு யாரோடது?"

"கிளப்போடது, தீதி."

"கம்பி?"

"உங்களோடது."

"அப்போ கை வைக்காதே."

அடுத்த பூஜைக்குக் கம்பியில் கட்ட அனுமதி கேட்டபோது, முடியாது என்றார். அந்த மூலைக்கு இரண்டு மூங்கில்கள் நட்டார்கள். வழக்கு நடந்துகொண்டே இருந்தது. பழைய கயிறு மட்டும் அதே மூன்று சுற்றோடு அவர் கம்பியிலேயே கிடந்தது. வெள்ளையடிக்க வந்தவனிடமும் அதைத் தொடாமல் சுற்றி அடிக்கச் சொன்னார்.