பக்கிரிசாமி இங்கிலீஷ்காரரான கதை

1928-இல் பிரெஞ்சுக்காரர் ஆண்ட பாகூர்ப் பக்கம் மல்லாட்டைக்கு, அதாவது நிலக்கடலைக்கு, நல்ல விலை. அந்த விலை குருவிநத்தம் பக்கிரிசாமியின் தலைக்கு ஏறியது. அவருக்கு மூன்று காணி நிலம் இருந்தது. இங்கிலீஷ் எல்லையை ஒட்டிய மேட்டுக்கொல்லை. அதைப் புதுச்சேரியில் ஒரு பாங்கியில் அடமானம் வைத்து, கிணறு வெட்டுவதாகச் சொல்லிக் கடன் வாங்கினார். கிணறு பாதி ஆழம் போனது. மீதிப் பணம் குதிரை வண்டியாகி வாசலில் நின்றது. கிணற்றை எட்டிப் பார்க்க யார் வரப்போகிறார்கள்? வண்டியில் போனால் பாகூர்க் கடைத்தெருவே பார்க்கும்.

இரண்டு வருஷத்தில் மல்லாட்டை விலை விழுந்தது. பாங்கியிலிருந்து பிரெஞ்சில் கடிதங்கள் வந்தன. தனக்குப் புரியாத பாஷையில் கேட்கும் கடனைத் தான் கொடுக்க வேண்டியதில்லை என்று பக்கிரிசாமி முடிவு செய்தார். அவர் மனைவி ஆதிலட்சுமி மட்டும், "வண்டிய வித்துக் கட்டிடுங்க" என்றாள்.

"பொம்பளைக்கு சட்டம் இன்னா தெரியும்?" என்று கேட்டுவிட்டு வண்டியில் ஏறிப் போனார்.

கடைசியில் உய்சியே வந்தார். பிரெஞ்சுக் கோர்ட்டின் ஜப்தி அதிகாரிக்கு அங்கே அதுதான் பேர். தலையில் தொப்பி, கையில் முத்திரை போட்ட காகிதம், பின்னால் ஒரு சேவகன். பக்கிரிசாமி வரப்பில் நின்று மறித்தார்.

"இது இங்கிலீஷ்காரன் மண்ணுங்க. கால வச்சா கடலூர் போலீசு உங்களப் புடிச்சிகினு பூடும்."

உய்சியே மனிதருக்குப் பயப்படாதவர். ஆனால் இரண்டு சர்க்காருக்கு நடுவில் மாட்டினால் வேலை போய்விடும் என்று தெரிந்தவர். எல்லைக்கல்லைத் தேடினார். அது எப்போதோ யார் வீட்டிலோ துணி துவைக்கும் கல்லாகியிருந்தது. காகிதத்தில் ஏதோ எழுதிக்கொண்டு திரும்பிவிட்டார். அன்றைக்கு ஊரே பக்கிரிசாமியைத் தூக்கி வைத்துப் பேசியது.

வழக்கு புதுச்சேரிக் கோர்ட்டுக்குப் போனது. பக்கிரிசாமிக்கு வக்கீல் ஜெகநாதன் அகப்பட்டார். அவர் ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஃபீஸ் வாங்குவார். பணம் இல்லையென்றால் நெல், நெல் இல்லையென்றால் கோழி. இப்படியே ஒருநாள் குதிரை வண்டியும் அவர் வீட்டுக் கொட்டகைக்குப் போய்ச் சேர்ந்தது. கோர்ட்டில் இரண்டு வக்கீல்களும் ஜட்ஜும் பிரெஞ்சில் பேசிக்கொண்டார்கள். யார் எது சொன்னாலும் தன்னைத்தான் புகழ்கிறார்கள் என்று நினைத்துப் பக்கிரிசாமி கையைக் கூப்பினார். தன் பாட்டன் காலத்திலிருந்தே அந்த நிலம் இங்கிலீஷ் சீமையைச் சேர்ந்தது என்று சத்தியம் செய்து, கைநாட்டும் வைத்தார்.

பாங்கியின் வக்கீல் அந்த வாக்குமூலத்தை மறுக்கவில்லை. அதை நகல் எடுத்துக் கடலூருக்கு அனுப்பிவைத்தார்.

அடுத்த மாதமே கடலூர்த் தாலுகாவிலிருந்து ஒரு ரெவினியூ அதிகாரி வந்து, மரியாதையாகவே பேசினார்.

"உம்ம பாட்டன் காலத்துலேருந்து எங்க மண்ணாமே. அப்போ, அந்தக் காலத்துலேருந்து கிஸ்தி பாக்கி. அபராதத்தோட கட்டிடும்."

பக்கிரிசாமி வரப்பில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டு கத்தினார்.

"ஐயோ சாமி, இது பிரெஞ்சு மண்ணுங்க! ஊர்ல எவன வேணா கேளுங்க! எங்கப்பன் பொறந்ததே பிரெஞ்சு மண்ணுலதான்!"

பனைமரத்தடியில் நிழலுக்கு ஒதுங்கி நின்றிருந்த உய்சியே அதை ஒரு வார்த்தை விடாமல் எழுதிக்கொண்டார். அந்த ரெவினியூ அதிகாரி வருகிற நாளைப் பாங்கி அவருக்கு முன்பே சொல்லி அனுப்பியிருந்தது.

அந்த வாக்கை வைத்துப் புதுச்சேரிக் கோர்ட்டு பாங்கி பக்கம் தீர்த்தது, நிலம் ஏலத்துக்கு வந்தது. தமுக்கடித்துச் சொன்னார்கள். ஆனால் கேட்க ஆள் இல்லை. அசலூர் மிராசுதாரர்களெல்லாம் வந்து பார்த்துவிட்டு நழுவினார்கள். இரண்டு சர்க்கார் சண்டை போடும் நிலத்தை வாங்கி யார் அவதிப்படுவது? இங்கிலீஷ் மண் என்று பக்கிரிசாமி ஊர் ஊராகப் போய்ச் சொன்ன சட்டம் அந்த மண்ணின் விலையை அந்த அளவுக்குக் கெடுத்து வைத்திருந்தது. கடைசியில் செல்லப்பன் என்று ஒருவர் மட்டும், பாங்கிக்காரர் முகம் சுளிக்கும் விலைக்குக் கேட்டார். அவர் ஆதிலட்சுமியின் தம்பி. அப்பன் வீட்டிலிருந்து வந்த காசுமாலையையும் வளையல்களையும் விற்று, பணத்தை அவரிடம் கொடுத்து அனுப்பியவள் அவள்தான். கிரயம் அவள் பேரிலேயே எழுதப்பட்டது. கடனில் பாதிகூட வசூலாகாத பாங்கி, மீதிக்குப் பக்கிரிசாமியின் சொத்தைத் தேடியது. வண்டி வக்கீல் வீட்டில் இருந்தது. குடியிருந்த வீடு முதலிலிருந்தே செல்லப்பனுடையது.

பக்கிரிசாமி முதலில் இரண்டு நாள் சாப்பிடவில்லை. பெண்டாட்டி மேல் வழக்குப் போட முடியுமா என்று கேட்கப் புதுச்சேரிக்கு நடந்தே போனார். ஃபீஸ் என்ன கொண்டுவந்தீர் என்று ஜெகநாதன் கேட்டதும் திரும்பிவிட்டார். வருகிற வழியில் அவருக்கு இன்னொரு யோசனை தோன்றிவிட்டது. பாகூர்க் கடைத்தெருவில், எல்லாம் தான் போட்ட திட்டம்தான் என்று சொல்ல ஆரம்பித்தார். நம்பாதவர்களும் காப்பி வாங்கிக் கொடுத்தார்கள்.

ஆதிலட்சுமி கிணற்றை முழுசாக வெட்டினாள். மேட்டுக்கொல்லையில் கரும்பு நின்றது. பக்கிரிசாமி மற்ற ஆட்களோடு சேர்ந்து களை வெட்டினார். மற்றவர்களுக்குக் கொடுத்த கூலியே அவருக்கும். அதில் அவருக்கு வருத்தம் இருந்தது, ஆனால் வாங்கிக்கொண்டார்.

சில வருஷம் கழித்து, கரும்பு ஆட்டும் ஆலை வாங்கலாம், பாங்கியில் புதிதாக ஒரு துரை வந்திருக்கிறார், நிலத்தை வைத்தால் உடனே தருவார் என்று மனைவியிடம் சொன்னார்.

"நெலம் எம்பேர்ல கீது" என்றாள் ஆதிலட்சுமி, சோளத்தைப் புடைத்துக்கொண்டே. "எனக்கு சட்டம் இன்னா தெரியும்? போங்க, மாட்டுக்குத் தண்ணி காட்டுங்க."