ஒரே வீட்டிலிருந்து போன இரண்டு சத்தியங்கள்

அவள் என் அலுவலகத்துக்கு முதன்முதலாக வந்தபோது ஒரு காலில்தான் செருப்பு இருந்தது. பூந்தமல்லியில், கரையான்சாவடிக்குப் பக்கத்தில், ஒரு டயர் கடைக்கு மேல் என் அலுவலகம். படியேறி வந்து நின்றவளிடம், "இன்னொரு செருப்பு எங்கம்மா?" என்று கேட்டேன். குனிந்து பார்த்தாள்.

"கீய எங்கியோ உட்டுட்டேன் போல. குனிஞ்சி பாத்தாத்தான் வக்கீலம்மா, அது கால்ல கீதா இல்லியான்னே எனக்குத் தெரியும்."

சித்திரை வெயிலில் தார் ரோட்டில் நடந்து வந்த அந்தப் பாதம் கொப்பளித்திருந்தது. அதுவும் அவளுக்குத் தெரிந்திருக்கவில்லை.

தொண்ணூறுகளின் தொடக்கம் அது. அவளுக்கு நூம்பலில் வீடு. அம்மாவும் அப்பாவும் பிறர் நிலத்தில் கூலிக்குப் போனவர்கள். இவள் எண்பதுகளின் பாதியில், இங்கிலாந்து கம்பெனி ஒன்றின் அம்பத்தூர் தொழிற்சாலையில் சேர்ந்தாள். காலணிகளின் மேல்தோலுக்கும் அடிப்பகுதிக்கும் பசை தடவி ஒட்டும் அறையில் வேலை. நிழலில் வேலை, மாதச் சம்பளம், கம்பெனி பஸ் என்று தெருவே அவளைப் பார்த்துப் பெருமூச்சு விட்டிருக்கிறது. பசையின் வாசனை இனிப்பாக இருக்குமாம். சாயங்காலம் தலை கிறுகிறுக்கும். சில வருடங்களில் கால் விரல்கள் மரத்தன. பிறகு பாதம். பிறகு முழங்கால் வரை உணர்ச்சியில்லை. சேற்றில் நடப்பவளைப் போல முட்டியை உயரத் தூக்கித் தூக்கித்தான் அவளால் நடக்க முடிந்தது. அந்த அறையில் வேலை செய்த வேறு பெண்களும் அதேபோல நடந்தார்கள். கம்பெனி அவர்களை ஒவ்வொருவராக வேலையிலிருந்து நிறுத்தியது. அதைக் கேட்கத்தான் என்னிடம் வந்தார்கள்.

தொழிலாளர் நீதிமன்றத்தில் மனு போட்டுவிட்டு நான் வழக்கமான வழியில் போயிருப்பேன். ஆனால் அந்தப் பசை இங்கிலாந்தில் அதே கம்பெனியின் தொழிற்சாலையில் பல வருடங்களுக்கு முன்பே நிறுத்தப்பட்டது என்று தொழிற்சங்கத்துக்காரர் ஒருவர் மூலம் தெரியவந்தது. அவர் வழியாகவே லண்டனிலிருந்து ஒரு வழக்கறிஞர் வந்து சேர்ந்தார். வெளிநாடுகளில் தங்கள் நாட்டுக் கம்பெனிகள் செய்யும் காரியங்களுக்குத் தங்கள் நாட்டிலேயே பதில் சொல்ல வைக்க வேண்டும் என்பவர் அவர். டயர் கடை ரப்பர் நாற்றத்தில், வியர்வையில் சட்டை முதுகோடு ஒட்டிக்கொள்ள, அந்தப் பெண்ணின் எதிரில் உட்கார்ந்திருந்தார். நான் மொழிபெயர்த்தேன்.

"பசையால ஆபத்து வரும்னு யாராவது உன்கிட்ட சொன்னாங்களான்னு கேக்கறாரு."

"ஜன்னல தொறக்காதீங்கோ, பசை காஞ்சிபூடும்னு சொன்னாங்கோ. வேற இன்னா சொன்னாங்கோ?"

அதை நான் ஆங்கிலத்தில் சொன்னதும் அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு ஜன்னலைப் பார்த்தார்.

வழக்கு லண்டனில் தாக்கலானது. அங்கே போய் சாட்சி சொல்ல வேண்டியிருக்கும் என்று சொன்னதிலிருந்து அவள் முகமே மாறிவிட்டது. பாஸ்போர்ட் எடுத்தாள். ஆவடியில் எங்கள் வீட்டிலிருந்து என் அம்மாவின் ஸ்வெட்டரைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். "ஒரே ஒரு தபா ஜட்ஜு எதிர நின்னு என் வாயால சொல்ட்டா போதும்," என்பாள். எதைச் சொல்வாள், எந்த வரிசையில் சொல்வாள் என்று வீட்டில் சொல்லிச் சொல்லிப் பார்ப்பாளாம்.

இந்த இடத்தில் என் அண்ணனைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

அப்பா திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து ஆவடி பாதுகாப்புத் தொழிற்சாலைக்கு வேலைக்கு வந்தவர். குவார்ட்டர்ஸில் வளர்ந்த நாங்கள் இரண்டு பேருமே வக்கீலானோம். நான் பூந்தமல்லி கோர்ட்டோடு நின்றுவிட்டேன். அண்ணன் ஹைகோர்ட்டுக்குப் போனான். எண்பதுகளில் நம் நீதிமன்றங்கள் ஒரு தபால் அட்டையைக்கூட மனுவாக எடுத்துக்கொண்டு ஏழைகளுக்காகக் கதவைத் திறந்த காலத்தில் சட்டம் படித்தவன் அவன். வாழும் உரிமை என்றால் வெறுமனே உயிரோடு இருப்பதல்ல என்று நம் நீதிபதிகள் எழுதியதை மனப்பாடமாகச் சொல்வான். சர்வதேச உடன்படிக்கைகளை எல்லாம் நம் அரசியல் சட்டத்துக்குள்ளேயே படிக்கலாம் என்று கட்டுரைகள் எழுதினான். அந்தக் கட்டுரைகளைப் படித்துவிட்டுத்தான் கம்பெனியின் சென்னை வழக்கறிஞர்கள் அவனைத் தேடி வந்தார்கள். லண்டன் நீதிபதியிடம் கம்பெனியின் வாதம் எளிமையானது: விபரீதம் நடந்தது இந்தியாவில், சாட்சிகள் இந்தியாவில், அங்கே நல்ல நீதிமன்றங்கள் இருக்கின்றன, வழக்கு அங்கே போகட்டும்.

அண்ணன் என்னிடம் மறைக்கவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை, அம்மா மீன் குழம்பு வைத்திருந்த நாளில், சாப்பாட்டுத் தட்டு முன்னால் உட்கார்ந்துகொண்டே சொன்னான்.

"நம்ம கோர்ட்டுலயே இந்தக் கேஸை நடத்த முடியும்னு நான் அஃபிடவிட் கொடுக்கப் போறேன்."

"யாருக்கு?"

"கம்பெனிக்குன்னு நினைக்காத. நம்ம கோர்ட்டுக்காக."

"அண்ணா, பூந்தமல்லி சப் கோர்ட்ல ஒரு பாகப் பிரிவினை எத்தனை வருஷம் ஓடுதுன்னு உனக்குத் தெரியாதா?"

"தெரியும். அதுக்காக? எங்களால முடியாது, நீங்களே தீர்ப்பு சொல்லுங்கன்னு வெள்ளைக்காரன்கிட்ட போய் நிக்கறதா? நீ என்ன எழுதிக் கொடுக்கப் போற? எங்க நாட்டுல நீதி கிடைக்காதுன்னுதானே? உனக்குக் கூசலையா?"

கூசியது. அவன் கேட்பதற்கு முன்பே கூசியது. வழக்கு லண்டனிலேயே நடக்க வேண்டுமென்றால், நான் தினமும் தலை வணங்கி நுழையும் நீதிமன்றத்தைப் பற்றி, அங்கே தாமதம், அங்கே ஆளில்லை, அங்கே ஏழைக்கு நிபுணர் சாட்சி கொண்டுவர வழியில்லை என்று நான்தான் சத்தியம் செய்ய வேண்டும். செய்தேன். அண்ணனும் செய்தான். அம்மா இருவருக்கும் குழம்பு ஊற்றிக்கொண்டே, "ரெண்டு பேரும் உண்மையத்தானே எழுதறீங்க? அப்புறம் எதுக்குச் சண்டை?" என்றாள்.

லண்டன் நீதிபதி அண்ணனை நம்பினார். இந்திய நீதித்துறையின் மீது தமக்கு இருக்கும் மரியாதையைப் பற்றி ஒரு பத்தி எழுதி, அண்ணனின் பிரமாணப் பத்திரத்திலிருந்து சில வரிகளை எடுத்துக் காட்டி, வழக்கைத் திருப்பி அனுப்பினார். இந்திய நீதிமன்றத்தில் ஆஜராவோம் என்று கம்பெனி வாக்குறுதி கொடுத்தது. செய்தி வந்த அன்று அண்ணன் முகத்தில் சந்தோஷம் இல்லை. "அவங்க வாக்குக் கொடுத்திருக்காங்க. நானும் கொடுத்திருக்கேன். பார்த்துக்கலாம்," என்றான்.

அந்தப் பெண்ணிடம் சொல்ல நூம்பல் வரை நானே போனேன். "அப்போ சீமைக்குப் போவ வேணாமா?" என்று கேட்டாள். பிறகு அவளே, "சரி, நம்ம ஜட்ஜுன்னா தமிழ்லயே சொல்லலாம். அதுவும் நல்லதுதான்," என்றாள். எனக்கு ஆறுதல் சொல்வதற்காகத்தான் அப்படிச் சொல்லியிருக்க வேண்டும்.

பூந்தமல்லியில் வழக்கு போட்டோம். எதிர்த்தரப்புக்குச் சாட்சியாக இருந்தவன் என்பதால் அண்ணனால் எங்களுக்கு வக்காலத்து போட முடியாது. ஆனால் ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஹைகோர்ட் வேலையை விட்டுவிட்டு பஸ் பிடித்து வந்து, கட்சிக்காரர்கள் உட்காரும் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருப்பான். சாயங்காலம் என் அலுவலகத்துக்கு வந்து அடுத்த மனுவுக்கு வேண்டிய தீர்ப்புகளை எடுத்து வைப்பான். கம்பெனி சொன்னபடி ஆஜரானது. வாக்கில் அணுவளவும் பிசகவில்லை. ஆஜராகி, நோய்க்குப் பசைதான் காரணம் என்று எப்படிச் சொல்கிறீர்கள் என்று ஒரு மனு, வரிசையில் முதலில் எந்தப் பிரச்சினையை விசாரிப்பது என்று ஒரு மனு, அந்த மனுவின் உத்தரவை எதிர்த்து ஹைகோர்ட்டில் ஒரு மறுசீராய்வு. நீதிபதி மாற்றலாகிப் போனார். புதியவர் வர மாதங்கள் ஆயின. நடுவில் வக்கீல்களான நாங்களே கோர்ட்டைப் புறக்கணித்தோம். அம்பத்தூர் தொழிற்சாலை கைமாறியது, பிறகு மூடப்பட்டது.

அவள் எல்லா வாய்தாவுக்கும் வந்தாள். கோர்ட் வராந்தா தூணைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். ஒருவழியாக அவளைச் சாட்சிக் கூண்டுக்கு அழைக்கத் தேதி குறித்தார்கள். அன்றைக்குத் தலைக்கு எண்ணெய் வைத்து, புதுப் புடவை கட்டி வந்தாள். டவாலி அவள் பெயரைக் கூப்பிட்டதும் உள்ளே போய்க் கூண்டுப் படியில் ஒரு காலை வைத்தாள். எதிர்த்தரப்பு மூத்த வழக்கறிஞருக்கு ஹைகோர்ட்டில் வேலை இருக்கிறது என்று ஜூனியர் எழுந்து சொன்னார். தள்ளி வைத்தார்கள். வைத்த காலை எடுக்க அவளுக்கு என் தோள் தேவைப்பட்டது.

சமரசப் பேச்சு அதற்குப் பிறகுதான் வந்தது. தவறு ஒப்புக்கொள்ளப்படாது, யாரும் வெளியே பேசக் கூடாது, ஒரு தொகை தருவார்கள். மற்றப் பெண்கள் சம்மதித்தார்கள். அண்ணன் கொதித்துப்போனான். அவள் என் அலுவலகத்தில் உட்கார்ந்திருக்கும்போது அவள் எதிரிலேயே சொன்னான்:

"கையெழுத்துப் போடாதீங்கம்மா. இன்னும் கொஞ்ச நாள்தான். தீர்ப்பு வரும். இந்த ஊர் கோர்ட் தீர்ப்பு சொல்லும். நான் சத்தியம் பண்ணியிருக்கேன்."

அவள் அவனை நிமிர்ந்து பார்த்தாள். கோபம் இல்லை.

"நீங்க நல்லவருதான் சார். ஆனா உங்க சத்தியத்துக்காவ நான் எத்தினி வருசம் இந்தப் படி ஏறுறது? கால் வரலியே எனக்கு."

அண்ணன் கையில் இருந்த சட்டப் புத்தகத்தை மூடினான். அவள் காகிதத்தை இழுத்துவைத்துக்கொண்டு, எழுத்துக் கூட்டி மெதுவாகக் கையெழுத்துப் போட்டாள். விரல்களிலும் அதற்குள் பலம் குறைந்திருந்தது.

அந்த வருடமே அண்ணன் நகரத்தில் ஒரு பெரிய நிறுவனத்தில் சேர்ந்தான். வெளிநாட்டுக் கம்பெனிகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டிருந்த நேரம். அவர்களுக்குக் கூட்டுத் தொழில் ஒப்பந்தங்கள் எழுதும் வேலை. தகராறு வந்தால் லண்டனிலோ சிங்கப்பூரிலோதான் தீர்க்க வேண்டும் என்ற ஷரத்தை அந்த ஒப்பந்தங்களில் அவனே எழுதினான். ஒருமுறை அதைப் பற்றி நான் கேட்டபோது, "கட்சிக்காரங்க அப்படித்தான் கேக்கறாங்க," என்றான். கட்டுரை எழுதுவதை அதோடு விட்டுவிட்டான்.

தொண்ணூறுகள் முடியப்போகும் சமயம் லண்டன் வழக்கறிஞர் போன் செய்தார். வேறொரு நாட்டுத் தொழிலாளியின் வழக்கில், அவரவர் நாட்டில் உண்மையாகவே வழக்கு நடத்த வழியில்லாவிட்டால் லண்டனிலேயே விசாரிக்கலாம் என்று அங்குள்ள மிக உயர்ந்த நீதிமன்றம் சொல்லிவிட்டதாம். "உங்கள் வழக்கு இன்று வந்திருந்தால்..." என்று ஆரம்பித்தவர் முடிக்கவில்லை. நல்ல மனிதர். என்னிடம் மன்னிப்புக் கேட்பதுபோல் பேசினார். நான் அவருக்கு நன்றி சொல்லி வைத்துவிட்டேன்.

அந்த ஞாயிற்றுக்கிழமை ஆவடிக்குப் போனேன். அப்பா ஓய்வு பெற்றபின் குவார்ட்டர்ஸை விட்டு வாங்கிய சின்ன வீடு. மொட்டை மாடியில் அண்ணன் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தான். போன் வந்ததைச் சொன்னேன். ஈரத் துண்டைப் பிழிந்தபடியே கேட்டுக்கொண்டிருந்தான். பிழிந்து முடித்த பிறகும் அதை விரிக்கவில்லை.

"அந்தம்மாகிட்ட சொல்லிட்டியா?"

"இல்ல."

"சொல்லாத."

நான் சொல்லவில்லை. அதற்கப்புறமும் அவளை வேலப்பன்சாவடி பஸ் நிறுத்தத்தில் சில முறை பார்த்தேன். நின்று, பிள்ளைகளைப் பற்றிக் கேட்பேன். மழை வருமா என்று பேசுவோம். "கோர்ட்டுல எல்லாரும் நல்லா கீறாங்களா வக்கீலம்மா?" என்று ஒருமுறை கேட்டாள். எல்லாரும் நன்றாக இருக்கிறார்கள் என்றேன். பஸ் வந்தது. அவளை ஏற்றிவிட நடத்துனர் இறங்கி வந்து கை கொடுத்தார்.