அப்பாவின் நடிகையும் கடைசிப் பக்கமும்

அப்பா இரண்டு பெண்களோடு குடும்பம் நடத்தினார். ஒருத்தி என் அம்மா. இன்னொருத்தி அமெரிக்காவில் பேசாத படங்களில் நடித்தவள். அவளுக்கு இப்படி ஒரு ஆள் பர்மாவில், யாங்கோனில் இருப்பதே தெரியாது. ஆனாலும் எங்கள் வீட்டில் மரியாதை அவளுக்குத்தான்.

அப்பா போட்டாதாங் துறைமுகத்தில் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். மிஷன் பள்ளியில் படித்த வயதில், ஞாயிறு பூசைக்குப் போவதாகச் சொல்லிவிட்டு அவள் படத்துக்குப் போய் மாட்டிக்கொண்டு, பிரம்படி பட்டிருக்கிறார். அந்த அடியைக்கூடப் பெருமையாகத்தான் சொல்வார். நடைபாதைக் கடைகளில் பழைய இங்கிலீஷ் பத்திரிகைகளைத் தேடி, அவளைப் பற்றி வந்ததை எல்லாம் வெட்டி ஒட்டி, இருபது வருடமாக அவள் வாழ்க்கைக் கதையை நோட்டு நோட்டாக எழுதிக்கொண்டிருந்தார்.

சாப்பிட உட்கார்ந்தால் அவள் கதைதான். துணி வெளுக்கிற தாய்க்குப் பிறந்தவள். பதினாறு வயதில் காமிரா முன்னால் நின்றாள். ஸ்டுடியோ விளக்கு வெளிச்சத்தில் கண் வெந்துபோய், உருளைக்கிழங்கைச் சீவிக் கண்ணில் கட்டிக்கொண்டு இருட்டறையில் கிடந்தாள். மூன்று புருஷன், மூன்று பேரும் அடித்தார்கள். பேசும் படம் வந்ததும், உன் குரல் ஆகாது என்று வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். இதைச் சொல்லும்போது அப்பாவுக்குக் கண் கலங்கிவிடும். பக்கத்து அறையில் அம்மா மூச்சுத் திணறலோடு ஒரு வாய் வெந்நீர் கேட்டுக்கொண்டிருப்பாள். “இரு, முக்கியமான இடம்” என்பார்.

அம்மாவும் சும்மா இருக்க மாட்டாள். அந்த நடிகைக்காகக் கறுப்புத் துணி கட்டுவீர்கள், நான் செத்தால் சோறு எங்கே என்று கேட்பீர்கள் என்பாள். அப்பா அதற்குச் சிரிப்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

தொண்ணூறுகளின் நடுவில் அப்பாவுக்குக் கண் மங்க ஆரம்பித்தது. இனி திரும்பாது, கொஞ்சம் கொஞ்சமாகப் போய்விடும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அன்று வீட்டுக்கு வந்து என்னிடம் சொன்னார்.

“பாப்பா, கண்ணு போறதுக்குள்ள என் பேர ஒரு தடவ அச்சுல பாத்துரணும். வேற ஒண்ணும் கேக்கல.”

அப்போது நான் லான்மடாவில் ஒரு பர்மிய சினிமா மாத இதழில் வேலை பார்த்தேன். இங்கிலீஷ் சினிமாச் செய்திகளைப் பர்மியத்தில் எழுதுவது என் வேலை. ஆசிரியரை நாங்கள் சயா என்போம். அப்பாவின் நோட்டுகளைப் பற்றி அவரிடம் சொன்னேன். செத்துப்போன அமெரிக்காக்காரியால் யாருக்கும் தொந்தரவு வராது, ஒரு கட்டுரையாகச் சுருக்கிக் கொண்டு வா என்றார் சயா.

அப்பா பக்கத்தில் உட்கார்ந்து வாசிக்க, நான் பர்மியத்தில் எழுதினேன். வரிக்கு வரி குற்றம். என் பர்மியம் சந்தைக்கடைப் பர்மியமாம். அம்மாவின் மூளை எனக்கு அப்படியே வந்திருக்கிறதாம். கடைசிப் பக்கத்துக்கு வரும்போது என் பொறுமை போய்விட்டது. இருந்ததை இருந்தபடி எழுதித் தள்ளினேன், திரும்பப் படித்துக்கூடப் பார்க்கவில்லை.

அந்தப் பக்கத்தில் நடிகைக்கு வயதாகிவிட்டது. ஒரு பெரிய வீட்டில் தனியாக இருக்கிறாள். வாசல் கதவு எப்போதும் பூட்டியே கிடக்கிறது. அவள் முகத்தை ஒரு தடவை பார்த்தால் போதும் என்று ஜனங்கள் மதிலுக்கு வெளியே காத்து நிற்கிறார்கள்.

அரசாங்கம் ஒரு பெண்மணியை அவர் வீட்டுக்குள்ளேயே அடைத்து வைத்திருந்த காலம் அது. டீக்கடையில் அவர் பெயரைச் சொல்லவே ஆட்கள் பயந்தார்கள். பூட்டிய வீட்டில் ஒரு பெண் இருந்தாள் என்று எழுதக் கூடாது என்பது இந்த ஊர்ப் பச்சைப் பிள்ளைக்குக்கூடத் தெரியும். பத்திரிகையில் எழுதிச் சோறு தின்கிற எனக்கு உறைக்கவில்லை.

எங்கள் ஊர் வழக்கப்படி முதலில் அச்சடித்துவிட்டுத்தான் தணிக்கைக்குக் கொடுக்க வேண்டும். அவர்களுக்குப் பிடிக்காத இடத்தில் ஒவ்வொரு பிரதியிலும் வெள்ளிப் பெயிண்ட் பூசி மறைக்க வேண்டும். சயாவைக் கூப்பிட்டு, காலையிலிருந்து சாயங்காலம் வரை ஒரு நாற்காலியில் உட்கார வைத்துவிட்டு அனுப்பினார்கள். கடைசிப் பக்கம் போக வேண்டும். எழுதியவன் பெயரும் போக வேண்டும். சயா வந்து பெயிண்ட் டப்பாவையும் பிரஷையும் என் முன்னால் வைத்தார். உன் வீட்டு எழுத்து, நீயே பூசு என்றார்.

மூன்று நாள் பூசினேன். முதல் நாள் ஒவ்வொரு பிரதியிலும் பெயரைப் படித்துவிட்டுப் பூசினேன். இரண்டாம் நாள் அப்பா பெயரை ஒரே இழுப்பில் மறைக்கப் பழகிவிட்டேன். மூன்றாம் நாள் வாய் பாட்டுக்கூட முணுமுணுத்தது.

வீட்டுக்கு ஒரு பிரதி கொண்டுவந்து நடந்ததை எல்லாம் சொன்னேன். யார் பூசியது என்று கேட்டார். நான்தான் என்றேன். அவருக்குக் கோபம் வரவில்லை. “மண்ணெண்ணெய் கொண்டா” என்றார்.

மண்ணெண்ணெயில் துணியை நனைத்துத் தேய்த்தால் வெள்ளி மட்டும் கழன்று, மறைத்தது தெரியும். ஊரே அப்படித்தான் படித்தது. ஆனால் அந்த மாதம் வாங்கிய மலிவு மையில் அது நடக்காது. வெள்ளியோடு எழுத்தும் சேர்ந்து வந்துவிடும். அச்சகத்தில் ஒரு பிரதியில் நானே தேய்த்துப் பார்த்திருந்தேன். அதை அப்பாவிடம் சொல்லவில்லை. கிண்ணத்தில் மண்ணெண்ணெயும் ஒரு கிழிந்த துணியும் கொண்டுவந்து வைத்தேன்.

ஜன்னல் பக்கம் உட்கார்ந்து, குழந்தைக்கு முகம் துடைப்பதுபோலத் தேய்த்தார். வெள்ளி போனது, எழுத்து போனது. வெறும் தாளைத்தான் தேய்க்கிறோம் என்பது அதற்குள் இன்னும் மங்கிவிட்டிருந்த அந்தக் கண்ணுக்குத் தெரியவில்லை.

“வருதா பாப்பா?”

கதவருகில் நின்ற அம்மா, வருகிறது என்று சொல் என எனக்குக் கைஜாடை காட்டினாள். சொல்லியிருந்தால் நம்பியிருப்பார்.

“ஒண்ணும் இல்லப்பா. நீங்களே தேச்சு அழிச்சிட்டீங்க.”

சொன்னதும் எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இத்தனை வருடம் கழித்து அதை மறைத்து என்ன ஆகப்போகிறது? அப்பா விரலால் அந்த இடத்தைத் தடவினார். வேறு பிரதி இருக்குமா என்று கேட்டார். எல்லாவற்றிலும் பூசியாயிற்று என்றேன்.

அடுத்த மழைக்காலம் வருவதற்குள் பார்வை முழுக்கப் போய்விட்டது. அதற்குப் பிறகும் நான்கு வருடம் இருந்தார். மாதா கோயிலிலிருந்து யாராவது பார்க்க வந்து, கட்டுரை என்ன ஆயிற்று என்று கேட்டால், உடனே எனக்காகப் பேசுவார்.

“பிள்ள மேல தப்பு இல்ல. அது கஷ்டப்பட்டு அச்சுல கொண்டாந்துச்சு. நான்தான் அவசரப்பட்டு அழிச்சிட்டேன்.”

நான் பக்கத்தில் நின்று வந்தவர்களுக்கு டீ கொடுப்பேன். அந்த மலிவு மையைப் பற்றி ஒரு தடவைகூடச் சொன்னதில்லை.