பெருநாளைக்கு மூன்றாம் நாள் யானை பார்க்கப் போனது

என் புருஷனைக் கொன்றது யானை. இதைச் சொன்னதும் வெளியூர்க்காரர்கள் என் முகத்தை ஒருமுறை உற்றுப் பார்ப்பார்கள். கல்முனைப் பக்கத்து ஆண்கள் சாவதென்றால் சண்டையில் சாகவேண்டும், இல்லாவிட்டால் சுனாமியில் சாகவேண்டும் என்று அவர்கள் முடிவுகட்டி வைத்திருக்கிறார்கள். அந்த மனுஷன் இரண்டுக்கும் தப்பியவர். சண்டைக் காலத்தில் பதினேழு வருஷம் வயல் பக்கமே போகமுடியாமல் கிடந்து, பாதை திறந்ததும் முதல் ஆளாக மண்வெட்டியைத் தூக்கிக்கொண்டு போனவர். யுத்தம் முடிய இரண்டு மூன்று மாதம் இருக்கும்போது, கதிர் பழுத்துக் கிடந்த நேரம், காவலுக்குப் போனவரை ஒரு தனியன் யானை மிதித்துப் போட்டது.

நான்கு மாதமும் பத்து நாளும், புருஷனை இழந்தவள் தனித்திருக்கும் இத்தா இருந்தேன். மார்க்கம் சொன்னபடி அறையை விட்டு வெளியே வராமல், ஒரு குறையும் வைக்காமல் இருந்தேன். அதைப்பற்றி எவரும் ஒரு சொல் சொல்ல முடியாது. இத்தா முடிந்து வெளியே வந்த அடுத்த நாளே என் காக்கா, கூடப்பிறந்த அண்ணன், வந்து கதிரையில் உட்கார்ந்தார். சாய்ந்தமருதில் தோணி வைத்துக் கடல்தொழில் செய்கிறவர் அவர். வாப்பா இல்லாத எனக்கு எல்லாவற்றுக்கும் அவர்தான் ஆள், அதிலும் குறை சொல்லமாட்டேன். ஆனால் அன்றைக்கு அவர் கேட்டது என் வயலை.

"வயலக் குத்தகைக்குக் குடுப்பம் தங்கச்சி. பொம்புளப் புள்ள நீ, ஆனைக் காட்டுல என்ன செய்யப் போறாய்?"

அந்த வயல் சம்மாந்துறைக்கும் மேற்கே, காட்டோரத்தில் இருக்கிறது. ஐந்து ஏக்கர். என் சீதனம். எங்கள் ஊரில் வீடும் வயலும் பெண்பிள்ளைக்குத்தான் எழுதப்படும், மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வந்து இருப்பான். எழுத்தில் என்னுடையது, ஆனால் அதில் இறங்க மட்டும் எனக்குத் தகுதியில்லை என்றால் என்ன நியாயம்? எனக்குப் பத்திக்கொண்டு வந்தது.

"இந்த மாரிப் போகத்துக்கு நானே செய்யப் போறன்," என்றேன்.

காக்கா சிரித்தார். "டீவியில ஆனை வந்தாலே எழும்பிக் குசினிக்குள்ள ஓடுறாய். நேரில கண்டா என்ன செய்வாய்?"

அது உண்மை. அதனால்தான் இன்னும் கோபம் வந்தது. "அப்ப நேரிலயே போய்ப் பாப்பம்," என்று வாய்விட்டுவிட்டேன்.

"பாரு. நடுங்காம நிண்டு காட்டு. பிறகு வயலப்பத்திக் கதைப்பம்."

யுத்தம் முடிந்து வந்த முதல் நோன்புப் பெருநாள் அது. பாதையெல்லாம் திறந்து கிடந்தது. ஊரில் பாதிப்பேர் வேன் பிடித்துக்கொண்டு எங்கெங்கோ ஓடினார்கள். பெருநாளைக்கு மூன்றாம் நாள் நாங்களும் ஒரு வேன் பிடித்தோம். இங்கினியாகலைக்கு. அங்கே மலைகளுக்கு நடுவில் பெரிய குளம் இருக்கிறது, வெயில் காலத்தில் தண்ணீர் வற்றியதும் யானைகள் புல்லுக்கு இறங்கி வரும், படகில் போய்ப் பார்க்கலாம் என்று வேன்காரர் சொல்லியிருந்தார். காக்கா, அவர் மனைவியான மதினி, நான். நாலாவதாக என் வயலின் முல்லைக்காரர். வயலிலேயே தங்கி எல்லா வேலையும் பார்க்கிறவருக்கு எங்கள் பக்கத்தில் முல்லைக்காரர் என்றுதான் பெயர். காரைதீவுத் தமிழர். என் புருஷனின் மிதிபட்ட மையித்தைத் தோளில் தூக்கிக்கொண்டு வந்தது அவர்தான்.

பக்கத்து வீட்டுப் பெண்டுகளுக்குப் பெருநாள் பலகாரத்தைவிட இந்தக் கதை இனித்தது. "புருஷனக் கொன்ன ஆனையப் பாக்க வேன் புடிச்சிப் போறாளாம்." எனக்குக் கேட்கட்டும் என்றே சொன்னார்கள். நான் வேலியோரம் போய் நின்று, "ஓம், போறன். ரெண்டு சீட்டு மிச்சம் இரிக்கி, வாறீங்களா?" என்று கேட்டேன். ஒருத்தியும் வரவில்லை.

சுபஹு தொழுதுவிட்டுப் புறப்பட்டோம். நானும் மதினியும் ஆக்கிய சோறும் மாட்டிறைச்சிக் கறியும் ஒரு பெரிய சஹனில், அதாவது நாங்கள் சுற்றியிருந்து ஒன்றாகச் சாப்பிடும் தட்டத்தில், மூடி போட்டுத் துணியால் கட்டி என் காலடியில் இருந்தது. அம்பாறைக்குக் கிட்ட ஆமிக்காரர் மறித்தார்கள். எங்கள் அடையாள அட்டைகளை ஒருமுறை பார்த்தார்கள். முல்லைக்காரரின் அட்டையை இரண்டுமுறை பார்த்தார்கள். மூன்றாம் முறை திருப்பினபோது நான் இறங்கிவிட்டேன். "அவர் எங்கட ஆள். என்ட வயல்காரர்," என்றேன். என் தமிழ் அந்தப் பொடியனுக்கு விளங்கியதோ இல்லையோ, என் முகம் விளங்கியிருக்கும். அட்டையைக் கொடுத்துவிட்டான்.

அம்பாறையைத் தாண்டியதும் மலைகள் எழும்பி வந்தன. எங்கள் வீட்டு மொட்டைமாடியில் நின்றால் மேற்கே நீலமாக ஒரு கோடு தெரியும், அவ்வளவுதான் எனக்கு மலை என்பது. கிட்ட வந்தபோது அது பச்சையும் கறுப்புமாக, பாறையும் மரமுமாக, உச்சியில் பஞ்சு ஒட்டியதுபோல் முகிலுமாக நின்றது. மதினி ஜன்னலில் முகத்தை வைத்துக்கொண்டு, "யா அல்லாஹ், இவ்வளவு கிட்டயா இரிந்திச்சி?" என்றாள். இரண்டு மணித்தியாலப் பயணம்கூட இல்லை. இதைப் பார்க்க எங்களுக்கு அரை ஆயுசு போயிருக்கிறது. யாரைத் திட்டுவது என்று தெரியாமல் எல்லாரையும் மனசுக்குள் திட்டினேன்.

வழியில் ஒரு சாப்பாட்டுக் கடையோரம் மரத்தில் ஒரு யானையைக் கட்டி வைத்திருந்தார்கள். காசு கொடுத்தால் முதுகில் ஏறி ஒரு சுற்றுச் சுற்றலாம், பக்கத்தில் நின்று படம் எடுக்கலாம். காக்காவுக்கு முகம் மலர்ந்துவிட்டது.

"இந்தா, இதுக்கு முன்னால நில்லு. நிண்டாப் போதும், நான் ஒத்துக்கிறன்."

இறங்கிப் போய் அதன் முன்னால் நின்றேன். முன்னங்காலில் சங்கிலி உரசி உரசித் தோல் போய், ஈ மொய்த்தது. நின்ற இடத்திலேயே உடம்பை அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் ஆட்டிக்கொண்டு நின்றது. கண்ணுக்குக் கீழே ஈரம் வழிந்து காய்ந்திருந்தது. எனக்குக் கொஞ்சமும் நடுக்கம் வரவில்லை. அப்படியே வேனைத் திருப்பி, வென்றவளாக வீட்டுக்கு வந்திருக்கலாம். ஆனால் எனக்கு வந்தது ஆத்திரம்.

"கட்டிப் போட்டதுக்கு முன்னால நிக்கிறதுக்கு நான் எதுக்கு காக்கா இவ்வளவு தூரம் வரணும்? நாம குடுக்கிற காசுக்குத்தான் இதக் கட்டி வச்சிரிக்கான். ஒரு சதமும் குடுக்காதீங்க. வேனை எடுக்கச் சொல்லுங்க."

"வலிய வந்தத உதறிப்போட்டுப் போறாய் பாரு. ஒனக்கு விசர்," என்றார் காக்கா. முல்லைக்காரர் எனக்கு முன்பே வேனில் ஏறியிருந்தார்.

குளம் என்றா அதைச் சொல்வது? மறுகரை தெரியவில்லை. சுற்றிலும் மலைகள் தண்ணீருக்குள் கால் வைத்து நின்றன. பட்ட மரங்கள் தண்ணீரின் நடுவே நின்றன. முல்லைக்காரர் அணைக்கட்டைக் காட்டி, "தங்கச்சி, எங்கட வாய்க்கால் தண்ணி இஞ்சருந்துதான் வாறது," என்றார். இத்தனை வருஷம் அந்தத் தண்ணீரில் விளைந்த சோற்றைத் தின்றிருக்கிறேன், ஒரு நாளும் அதைப் பார்த்ததில்லை.

படகோட்டி சிங்களவர். அறுபது வயசிருக்கும். உடைந்த தமிழில் ஏறும்போதே சொல்லிவிட்டார். "சத்தம் வாணாம். எழும்ப வாணாம். சாப்பாடு எறிய வாணாம். கிட்டப் போ எண்டு எனக்குச் சொல்லவும் வாணாம். அதுகள் வந்தாப் பாக்கலாம். வராட்டி மலையப் பாத்துட்டு வீட்ட போங்க." எனக்கு அவரைப் பிடித்துவிட்டது. சஹனை வேனில் விட்டுவர மனமில்லாமல் மடியில் வைத்துக்கொண்டு இருந்தேன். காக்கா மட்டும் எஞ்சின் சத்தத்தில் குறை கண்டுபிடித்துக்கொண்டு வந்தார்.

ஒரு வளைவு திரும்பியதும் எஞ்சினை நிறுத்தினார். புல் கரையில் ஏழு யானைகள். ஒரு குட்டி, தாயின் வயிற்றுக்குக் கீழே நின்றது.

அடுத்து நடந்ததை நினைத்தால் இன்றைக்கும் வெட்கமாக இருக்கிறது. முல்லைக்காரர் இருந்த இடத்திலிருந்து துள்ளி எழுந்து, இரண்டு கையையும் வாயில் குவித்து, "ஓ... ஹோய்! ஹோய்! ஹோய்!" என்று அடிவயிற்றிலிருந்து கத்தினார். எங்கள் வயல் இல்லாவிட்டால் வேறு வயல் என்று முப்பது வருஷம் யானை விரட்டிய வாய். யானையைக் கண்டால் அதற்கு வேறொன்றும் தெரியாது. அவரையாவது விடுங்கள். நான் என்ன செய்தேன் தெரியுமா? கல்யாணம் கட்டிய புதிதில், சண்டைக்கு முன், இரண்டு போகம் நானும் வயல் வாடிக் குடிசையில் தகரம் தட்டிக் காவல் இருந்தவள். என் கை தன்பாட்டில் சஹன் துணியை இழுத்து, மூடியைப் பிடுங்கி, டமார் டமார் என்று தட்டத் தொடங்கியது.

யானைகள் ஒரே நொடியில் குட்டியை நடுவில் போட்டுச் சுற்றி நின்றன. பெரியது ஒன்று காதை விரித்துக்கொண்டு, பிளிறிக்கொண்டு, தண்ணீர் விளிம்பு வரைக்கும் வந்தது. படகுக்கும் அதற்கும் நடுவில் எங்கள் வீட்டு முற்றம் அளவு தண்ணீர்தான் இருந்தது. காக்கா படகின் அடியில் குந்திவிட்டார். மதினி கலிமா சொல்லத் தொடங்கினாள்.

"அசைய வாணாம்," என்றார் படகோட்டி. குரலை உயர்த்தவேயில்லை. கொஞ்ச நேரம் கழித்து என்னைப் பார்த்துச் சொன்னார். "அக்கா, உங்கட வயலுக்கு வந்தா விரட்டுங்க. அது சரி. இது அதுகள்ட இடம். இங்க வந்தது நீங்க."

நாக்கைப் பிடுங்கிக்கொண்டு சாகலாம் போலிருந்தது. அந்தப் பெரியது அங்கேயே நின்று எங்களைப் பார்த்தது. நானும் பார்த்தேன். அப்போதுதான் ஒரு சத்தம் கேட்டது, டக டக டக என்று. என் கையிலிருந்த மூடி சஹன் விளிம்பில் அடிபட்டுக்கொண்டிருந்தது. என் கை அவ்வளவுக்கு நடுங்கியது. முல்லைக்காரர் மெதுவாக அதை வாங்கிக் கீழே வைத்தார். மூடி போன பிறகும் கை நிற்கவில்லை. முழங்கால், தாடை, எல்லாம் நடுங்கியது. அந்தக் கால்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். இப்படி ஒரு கால்தானே என்று நினைத்தேன். என் புருஷன் கடைசியாகக் கண்டதும் இதைத்தானே என்று நினைத்தேன். ஆனால் கண்ணை எடுக்கவில்லை. அது காதை மடக்கித் திரும்பிப் புல்லுக்குப் போகும்வரை எடுக்கவில்லை. மன்னித்துவிட்டேன் என்றெல்லாம் நினைக்காதீர்கள். நான் மன்னிக்கவுமில்லை, அது என்னிடம் கேட்கவுமில்லை. குட்டி பால் குடித்தது. அதையும் பார்த்துவிட்டுத்தான் படகைத் திருப்பச் சொன்னேன்.

கரையில் லுஹர் தொழுதுவிட்டு மரநிழலில் சஹனைச் சுற்றி உட்கார்ந்தோம். முல்லைக்காரர் மாட்டிறைச்சி தின்னமாட்டார் என்று அவருக்குத் தனியே மீன் பொரித்துக் கொண்டுபோயிருந்தேன். காக்கா முதல் பிடியை வாயில் வைக்குமுன்பே தீர்ப்புச் சொன்னார்.

"பாத்தன்தானே. மூடியே கதைச்சிச்சி. வயல் கதைய இதோட உடு."

நான் கையைச் சோற்றிலிருந்து எடுத்தேன்.

"காக்கா, சுனாமி நம்மட உம்மாவக் கொண்டு போச்சி. உங்கட சின்ன மகளக் கொண்டு போச்சி. எட்டு மாசம் நீங்க கடக்கரப் பக்கம் திரும்பியும் பாக்கல்ல. பிறகு ஒரு நாள் போனீங்க. மதினிதான் கையப் புடிச்சிக் கூட்டிப் போன. மணல்ல குந்தியிருந்து சத்தி எடுத்தீங்க, ஒடம்பெல்லாம் நடுங்கிச்சி. ஊரே பாத்திச்சி. ஆராவது வந்து, நீ நடுங்குறாய், ஒன்ட தோணிய எங்களுக்குத் தா எண்டு கேட்டாங்களா?"

மதினிதான் சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னாள். "இப்பவும் நடுங்குறவருதான். தோணி தள்ளக்குள்ள ஒவ்வொரு நாளும்."

காக்கா வாய்க்குக் கொண்டுபோன பிடியைத் திரும்பச் சஹனில் வைத்தார். எனக்குக் கொஞ்சம் பாவமாகத்தான் இருந்தது. ஆனாலும் சொன்னதைத் திருப்பி எடுக்கவில்லை.

திரும்பும்போது காக்கா முன்சீட்டில் விறைத்துப்போய் இருந்தார். அம்பாறை போனது, ஆமிக்காரர் மறித்த இடம் போனது. சம்மாந்துறை ஆலைகள் தெரியத் தொடங்கிய பிறகுதான் திரும்பாமலேயே பேசினார்.

"சரி. இந்த மாரிக்கு மட்டும் செய்து பாரு. நான் உத்தரவு தாறன்."

"நான் உத்தரவு கேக்கல்ல காக்கா. திங்கக்கிழம காலம்புற உழவு மெசின் வயல்ல இறங்குது. பெருநாளைக்கு முதலே சொல்லிட்டன்."

இப்போது திரும்பினார். "அப்ப இண்டைக்கு என்னத்துக்கு இவ்வளவு பேரையும் இழுத்துக்கிட்டு வந்த?"

"நடுங்கினா என்ன நடக்கும் எண்டு பாக்கத்தான்," என்றேன். "ஒண்டும் நடக்கல்லியே."