கங்காரு முற்றத்தில் ஒரு மைக்குக்காக

கங்காரு காட்டும் வேலையில் கங்காருவால் ஒரு தொல்லையும் இல்லை. பார்க்க வருகிற சனத்தோடு மாரடிக்கிற உங்களுக்கு மிச்சத்தை நான் சொல்லத் தேவையில்லை. சிட்னியின் குவேக்கர்ஸ் ஹில்லில் எங்கள் வீட்டிலிருந்து பஸ் பிடித்துப் போகிற ஒரு விலங்குப் பூங்காவில் சனி, ஞாயிறு நிற்கிறேன். வயது பதினாறு. யார் பேசினாலும் அந்தக் குரல் என் தொண்டையில் ஒட்டிக்கொள்ளும். ஒருநாள் மேலாளர் டெப்பின் குரலில் "கேற் பூட்டப்போறம்!" என்று கத்தி, ஒரு பஸ் சனத்தை வெளியே ஓடவிட்டேன். டெப் ஒன்றே ஒன்றுதான் சொன்னா. பள்ளி விடுமுறைக்குக் கங்காரு விளக்கம் சொல்லும் மைக் வேண்டுமென்றால் இனிச் சொந்தக் குரல் மட்டும். மாறினால் விடுமுறை முழுக்கப் புழுக்கை கூட்டும் தும்புத்தடி.

சோடிப் பொருத்தம்

பக்கத்து டூங்கபியில் இருக்கிற அன்ரி ஒருவர் கனடாவிலிருந்து வந்த சொந்தக்காரரோடு வந்தா. அவைக்குச் சிவப்புக் கங்காருவோடு படம் வேண்டும். நான் காட்டிய சிவப்புக் கங்காரு சாம்பல் நீலமாக நின்றது. "உது பிழையான மிருகம் பிள்ளை" என்றா அன்ரி. ஆண்தான் செம்மண் நிறம், பெண் அனேகமாக இப்படித்தான் என்றேன். நாட்டின் நடுவில், மழை குறைந்த வெட்டைவெளிகளில்தான் இரண்டும் வாழும், கங்காரு இனங்களில் பெரியது இதுதான் என்றும் சொன்னேன்.

அன்ரி நிழலில் படுத்திருந்த சிவந்த ஆணைப் பார்த்தா. திரும்பிப் பெண்ணைப் பார்த்தா. பிறகு கமராவை இறக்கிவிட்டு என்னைக் கேட்டா: "உதுகளுக்குப் பொருத்தம் பாத்தது ஆர்?"

கறி மணம்

மேற்குச் சாம்பல் கங்காருவின் ஆணிடம் கறித்தூள் மாதிரி ஒரு மணம் வரும். அது தெற்குக் கரையோரமாக மேற்கு ஆஸ்திரேலியாவிலிருந்து விக்டோரியாவின் மேற்குப் பக்கம் வரை பரவியிருக்கிறது. சிட்னிப் பற்றைக்காடுகளில் கிடையாது. வேலிக்கு அருகே ஒரு அங்கிள் மூக்கைச் சுருக்கிக்கொண்டு நின்றார். விளக்கத்தைத் தொடங்கலாம் என்று, முழுக்க முழுக்கச் சொந்தக் குரலில், "கறி மணக்குதோ அங்கிள்?" என்றேன்.

அவர் முகம் வெளுத்தது. வெளிச் சாப்பாடு கொண்டுவரக்கூடாது என்று வாசலில் எழுதியிருக்கிறோம். அங்கிளின் மனைவி கைப்பையை மெல்ல முதுகுப் பக்கம் தள்ளினா. நான் சீருடையைச் சரிசெய்துகொண்டு பேசாமல் நின்றேன். பேசாமல் நிற்பதற்கு டெப் தடை போடவில்லை. அங்கிள் குனிந்து மெதுவாகச் சொன்னார்: "ஆட்டிறைச்சி ரோல்ஸ்தான் பிள்ளை, நீரும் ஒண்டு எடும்."

மெல்பேர்ன்காரர்

கிழக்குச் சாம்பல் கங்காருவைப் பார்த்து, "எங்கட மெல்பேர்னில இதைவிடப் பெரிசு நிக்குது" என்றார் ஒருவர். அங்கே நிற்பதும் இதுவும் ஒரே இனம், குயின்ஸ்லாந்திலிருந்து கிழக்குப் பக்கம் முழுக்க, டாஸ்மேனியா வரைக்கும் இருக்கிறது, மூக்கு முழுக்க மயிர் இருந்தால் சாம்பல் வகை என்றேன். அவர் வேலியில் சாய்ந்து, புல் தின்கிற மிருகத்தைப் பரிதாபமாகப் பார்த்தார்: "ஒரே இனமெண்டால் ஏன் இஞ்ச கிடந்து கஷ்டப்படுது? அங்க வீடு மலிவெல்லோ."

புரூஸ் இறங்கி வந்த கதை

மைக் எனக்கா என்று முடிவெடுக்கும் நாள். டெப் கையைக் கட்டிக்கொண்டு பின்னால் நின்றா. கடைசியாகக் காட்டவேண்டியது வல்லரூ. கங்காருவுக்கும் அதன் சின்னச் சொந்தமான வல்லபிக்கும் இடைப்பட்ட உடம்பு, முரட்டு மயிர், மயிரில்லாத கறுத்த மூக்கு. கல்லும் பாறையுமான மலைச்சரிவுகளில் தனியாக வாழ்வது அதன் பழக்கம். எங்கள் வல்லரூ புரூஸும் பழக்கத்தை விடாமல் பாறைக்குப் பின்னால் கிடந்தது.

சொந்தக் குரலில் கூப்பிட்டேன். காதின் நுனிகூட அசையவில்லை. சனம் ஐஸ்கிரீம் கடைப் பக்கம் நகர்ந்தது. ஒரு மலேசிய அக்கா, "ஒண்ணுமே இல்லியே, வா போலாம்" என்று கணவரை இழுத்தா. புரூஸுக்குத் தினமும் தீனி வைப்பது டெப். அது இறங்கி வருவது அந்த ஒரு குரலுக்குத்தான். வராவிட்டாலும் மைக் போய்விடும், வரவழைத்தாலும் போய்விடும். மைக்கை வாயருகே பிடித்து, டெப் மாதிரியே மூக்கால் இழுத்துக் கூப்பிட்டேன்: "புரூ…ஸி! கமோன், டார்லிங்!"

பாறைக்குப் பின்னாலிருந்து கறுத்த மூக்கு எட்டிப் பார்த்தது. ஒரே தாவலில் புரூஸ் வேலிக்கு வந்துவிட்டது. போன சனமெல்லாம் ஓடி வந்தது. புரூஸ் மட்டும் என்னை மோந்து பார்த்து, ஏமாந்ததுபோல நின்றது. விளக்கத்தைச் சொல்லி முடித்தபின் தும்புத்தடியை நானே போய் எடுத்தேன். டெப் அதைப் பிடுங்கிச் சுவரில் சாய்த்துவிட்டு, அதே மூக்கால் சொன்னா: "மைக்கை நீ வைச்சிரு, ஆனால் நான் ஒருநாளும் அப்பிடி மூக்கால கதைக்கிறேல்லை."

கங்காருவை அடையாளம் காண மூக்கைப் பார்த்தால் போதும். மனிதரென்றால் அவர் வாயைத் திறக்கும்வரை காத்திருக்க வேண்டியிருக்கிறது.