போக்கியம் என்று நினைத்த கடன்

இந்த ஊரில் மண்ணைக் கடையில் விற்கிறார்கள். பிளாஸ்டிக் பையில் அடைத்து, மேலே பூப்படம் போட்டு, விலைச்சீட்டு ஒட்டி, அரிசிப் பைக்குப் பக்கத்திலேயே அடுக்கி வைத்திருக்கிறார்கள். சிங்கப்பூருக்கு வந்த புதிதில் என் மகள் வள்ளி அப்படி ஒரு பை வாங்கி வந்தபோது, கையில் அள்ளி மோந்து பார்த்தேன். ஒரு வாசமும் இல்லை. நாங்கள் இருப்பது பன்னிரண்டாம் மாடி. வாசலுக்கு முன்னால் நீளமாக நடை போகிறது; அதன் கைப்பிடிச் சுவர்மேல் வீட்டுக்கு வீடு பூச்சட்டி வைத்திருக்கிறார்கள். நானும் ஒரு சட்டி வைத்து, திண்டிவனத்திலிருந்து துணிமணிக்கு நடுவே போட்டுக்கொண்டு வந்த மல்லாட்டையில், வேர்க்கடலை என்பார்களே அதில், நாலை ஊன்றினேன். முளைத்து மஞ்சளாகப் பூத்தது. பக்கத்து வீட்டில் ஒரு சீன அம்மா இருக்கிறார், என் வயசு இருக்கும். அவர் பாஷை எனக்கு வராது, என் பாஷை அவருக்கு வராது, இங்கிலீஷ் இரண்டு பேருக்குமே வராது. அவர் செடியைக் காட்டி என்னவென்று கையால் கேட்டார். நான் ஓட்டை உடைத்துப் பருப்பை வாயில் போட்டுக்கொள்வது போலக் காட்டினேன். அவர் உள்ளே ஓடிப்போய் வறுத்த மல்லாட்டைப் பொட்டலம் ஒன்றைக் கொண்டுவந்து என் கையில் திணித்தார். எனக்குப் பசி என்று நினைத்துக்கொண்டார் போலிருக்கிறது. வாங்கிக்கொண்டேன். வேண்டாம் என்று சொல்ல எனக்கு வராது. எந்தப் பாஷையிலும் வந்ததில்லை.

மாப்பிள்ளை சேகர் கப்பல் பட்டறையில் வெல்டராக இருக்கிறார். திண்டிவனத்துப் பையன்தான், இந்த ஊர்க்காரராகவே ஆகிவிட்டார். இப்போது இருக்கிற வீடு வாடகை வீடு, சின்னது. அரசாங்கம் கட்டிக் கொடுக்கிற பெரிய வீட்டுக்கு எழுதிப் போட்டிருந்தார். இந்தப் பொங்கல் கழிந்ததும் வந்துவிட்டது. முதல் பணம் கட்ட வேண்டும். ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டே என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

"அத்தை, திண்டிவனத்து வூடு சும்மாதான கெடக்குது. அத வித்தா மொதல் பணம் கட்டிடலாம். மிச்சத்தை மாசா மாசம் சம்பளத்துல புடிச்சிக்கினு போயிடுவாங்க. நமக்குத் தெரியவே தெரியாது."

நமக்குத் தெரியவே தெரியாது. இந்தப் பேச்சை நான் முன்னாலேயே ஒருதரம் கேட்டிருக்கிறேன். அந்த வீடு சும்மா கிடக்கவில்லை. அது என்னென்ன தின்றுவிட்டு அங்கே நிற்கிறது என்று மாப்பிள்ளைக்குத் தெரியாது, வள்ளிக்கும் பாதிதான் தெரியும். ஊரில் இருப்பவர்களுக்கும், என்னைப்போல இங்கே வந்து கிடப்பவர்களுக்கும் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். எதிரில் ஆள் இருந்தால் எனக்குப் பேச்சு வராது. காகிதம் என்றால் கொஞ்சம் தைரியம்.

எண்பதாம் வருஷம் வாக்கில் வள்ளியின் அப்பா விழுப்புரத்தில் பஸ் டிப்போவில் பிட்டராக இருந்தார். குடியிருந்தது வாடகை வீடு. வீட்டுச் சொந்தக்காரர் ராத்திரி ஒன்பது அடித்தால் லைட்டை அணைக்கச் சொல்வார். சீட்டு எடுத்த பணத்தில் இவர் திண்டிவனத்தில் ஒரு மனை வாங்கிப் போட்டிருந்தார். அதில் வீடு கட்ட ஒரு கூட்டுறவுச் சங்கத்தில் இருபதாயிரம் கடன் தருவதாகச் சொன்னார்கள். மனைப் பத்திரத்தை அவர்களிடம் அடமானம் வைக்க வேண்டும்; மாசம் இருநூற்று இருபது ரூபாய், இருபது வருஷம். கையெழுத்துப் போடப் போன அன்று நானும் கூடப் போனேன். மனை இரண்டு பேர் பேரிலும் இருந்தது. எனக்கு மனசுக்குள் ஒரே ஒரு கேள்விதான். அதை நேரே கேட்கக் கூச்சம். இவர் காதருகே போய், மொத்தம் எவ்வளவு ஆகும் என்று கேட்கச் சொன்னேன். இவர் கேட்டார். செக்ரட்டரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "மாசம் இருநூத்து இருபதுதாங்க. சம்பளத்துலயே புடிச்சிடுவாங்க. உங்களுக்குத் தெரியவே தெரியாது," என்றார். நான் மொத்தத்தைக் கேட்டேன், அவர் மாசத்தைச் சொன்னார். இரண்டும் வேறு என்று அன்றைக்கு எனக்கும் உறைக்கவில்லை, இவருக்கும் உறைக்கவில்லை.

எங்களுக்குத் தெரிந்தது போக்கியம் ஒன்றுதான். நான் பிறந்தது முகையூர்ப் பக்கம். அங்கே அவசரத்துக்குப் பணம் வேண்டுமானால் நிலத்தைப் போக்கியம் வைப்பார்கள். பணம் கொடுத்தவன் நிலத்தை எடுத்துக்கொண்டு பயிர் வைப்பான். விளைந்ததெல்லாம் அவனுக்கு, அதுதான் அவனுக்கு வட்டி. அசல் நின்ற இடத்திலேயே நிற்கும். ஐந்து வருஷமோ ஒன்பது வருஷமோ கழித்து வாங்கின பணத்தை அப்படியே கொண்டுபோய்க் கொடுத்தால், நிலத்தை அப்படியே விட்டுவிட்டுப் போவான். என் கல்யாணத்துக்கு என் அப்பா ஒரு கழனியை அப்படித்தான் வைத்து, அப்படித்தான் மீட்டார். ஆகையால் எங்கள் புத்தியில் ஓடின கணக்கு இதுதான். பத்திரம் அவர்களிடம் இருக்கிறது. பொருளைப் பிடித்து வைத்துக்கொண்டவன் அதற்கு மேலே வட்டி வாங்க மாட்டான், வாங்கினாலும் கையளவுதான் இருக்கும். அப்படியென்றால் மாசாமாசம் போகிற பணம் அசலில்தானே கழிய வேண்டும்? இருபது வருஷத்தில் பாதி கட்டினால் பாதி கடன் தீர்ந்தது. பத்து வருஷத்தில் இவர் ரிடையர் ஆகும்போது வருகிற பணத்தில் மீதிப் பாதியைக் கட்டிவிட்டால், பத்திரம் கைக்கு வந்துவிடும். இதை நாங்கள் யாரிடமும் கேட்டுத் தெரிந்துகொள்ளவில்லை. போக்கியத்தை யாராவது கேட்டா தெரிந்துகொள்வார்கள்?

வீடு எழும்பியது. இரண்டு ரூம், ஒரு கூடம், மொட்டை மாடிக்குப் படி. புகுமனை அன்று இவர் வேட்டியில் சுண்ணாம்பு ஒட்டினதைத் தட்டிவிடாமலே சாயங்காலம் வரை திரிந்தார். அதற்குப் பிறகு தினமும் விடிவதற்குள் பாசஞ்சர் பிடித்து விழுப்புரம் போவார். ஓவர்டைம் கிடைத்த நாளெல்லாம் பார்ப்பார். சம்பளத்தில் பிடித்தது தெரியவே தெரியாது என்று செக்ரட்டரி சொன்னாரே, சாப்பாட்டில் தெரிந்தது. இருந்த ஒரு பசுமாட்டை விற்றதில் தெரிந்தது. வள்ளி பத்தாவதோடு நின்றதில் தெரிந்தது. தீபாவளிக்கு வந்த என் தம்பி ஏழுமலை கூடத்து நடுவில் நின்று கூரையை அண்ணாந்து பார்த்து, "யக்கா, வூடு பெருசா இருக்குது. சோறுதான் சிறுத்துப்போச்சி," என்றான். சிரித்துக்கொண்டுதான் சொன்னான். நாங்களும் சிரித்தோம். கொஞ்ச காலம்தானே, பாதி தீர்ந்துகொண்டு வருகிறதே என்று இருந்தோம்.

ஏழாவது வருஷம் டிப்போவில் பேட்டரி வெடித்து ஆசிட் இவர் கண்ணில் அடித்தது. ஒரு கண் போயிற்று, இன்னொன்று மங்கல். இனி இந்த வேலைக்கு ஆகாது என்று எழுதி, சேர வேண்டிய பணத்தைக் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். பழைய கடனெல்லாம் கழித்துக் கையில் வந்தது பன்னிரண்டாயிரம் சொச்சம். சம்பளம் நின்றதால் தவணையும் நின்றது. இரண்டு மாசத்தில் சங்கத்திலிருந்து ஆள் வந்து, கட்டாவிட்டால் வீடு ஏலத்துக்கு வரும் என்று சொல்லிவிட்டுப் போனார். இவர் பதறவில்லை. பணத்தை மஞ்சள் பையில் போட்டுக்கொண்டு, என் தோளைப் பிடித்துக்கொண்டு சங்கத்துக்கு வந்தார். மூன்றில் ஒரு பங்குக்கு மேலே கட்டியாகிவிட்டது, இந்தப் பணத்தைப் போட்டால் ஏறக்குறைய தீர்ந்துவிடும் என்பது எங்கள் கணக்கு. அங்கே இருந்த கிளார்க் பாக்கி பதினேழாயிரத்துக்கு மேலே என்றார்.

"சரியா பாருங்க சார், ஏழு வருசம் கட்டியிருக்கேன்," என்றார் இவர்.

"சரியாத்தான் பாத்தேன். கட்டுனதுல முக்காவாசிக்கு மேல வட்டிக்குப் போயிருக்குது. மொத வருசங்கள்ள எல்லாருக்கும் அப்படித்தான்."

"பத்திரத்தையும் வச்சிக்கினு வட்டியும் வாங்குவீங்களா?"

"பின்ன இன்னாங்க? பத்திரத்த வச்சிக்கினு நாங்க மல்லாட்டையா போட முடியும்?"

ஆபீசில் இருந்தவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். கிளார்க் கெட்ட மனுஷன் இல்லை, எங்களை உட்காரச் சொல்லித் தண்ணீர் கொடுத்தார். ஆனால் ஏழு வருஷமாக நாங்கள் கட்டினது பதினெட்டாயிரத்துக்கு மேல். ஏறக்குறைய வாங்கின கடன் அளவு. அதில் கடன் கரைந்தது அரைக்கால் பங்கு, எட்டில் ஒன்றுதான். வீட்டுக்கு வந்து காலண்டர் தாளைக் கிழித்து, இருநூற்று இருபதை இருநூற்று நாற்பது மாசத்தால் பெருக்கினேன். அதற்கு நான் படித்த அஞ்சாம் வகுப்பு போதும். ஐம்பத்திரண்டாயிரத்து எண்ணூறு வந்தது. ஒரு வீட்டுக்கு இரண்டரை வீட்டு விலை. இந்தக் கணக்கைக் கையெழுத்துப் போட்ட அன்றே போட்டிருக்கலாம். யாரும் மறைக்கவில்லை. யாரும் சொல்லவுமில்லை.

கடனை முழுக்கத் தீர்த்து வீடு ஏலம் போகாமல் காப்பாற்ற இன்னும் ஐந்தாயிரம் தேவைப்பட்டது. விக்கிரவாண்டிக்கு மேற்கே எனக்கு ஒரு காணி கொல்லை இருந்தது. மானாவாரி மல்லாட்டை நிலம். என் அம்மா தன் பங்கை எனக்கென்று எழுதிவைத்தது. உலகத்தில் என் பேரில் மட்டும் இருந்தது அது ஒன்றுதான். அதைப் போக்கியம் வைத்துப் பணம் வாங்கலாம், என்றைக்காவது மீட்டுக்கொள்ளலாம் என்று ஏழுமலையிடம் போனேன். அவன்தான் அதில் பயிர் வைத்துக்கொண்டிருந்தான்.

"போக்கியம்லாம் இப்ப யாருக்கா புடிக்கிறாங்க? கிரயமா குடு, ஆறாயிரம் தர்றேன்," என்றான்.

"அது அம்மா குடுத்ததுடா."

"அம்மா குடுத்தது எங்கியும் போவல. நம்ம வூட்டுக்குள்ளதான இருக்கப்போவுது? காணி போனா இன்னா, நீ காங்கிரீட்டு வூட்டுக்காரி ஆயிட்டியே."

கிரயம் எழுதிக் கொடுத்தேன். அந்த வருஷம் மழை நன்றாக இருந்தது. கார்த்திகையில் ஏழுமலை ஒரு கோணி மல்லாட்டை கொண்டுவந்து கூடத்தில் இறக்கிவிட்டுப் போனான், தம்பி சீர் மாதிரி. அதில்தான் ஒரு பிடி விதைக்கென்று எடுத்து வைத்தேன். இவர் அதிலிருந்து ஒன்றுகூட எடுத்து வாயில் போடவில்லை. பத்திரம் கைக்கு வந்த பிறகு அதைத் தலையணைக்குக் கீழே வைத்துக்கொண்டு படுப்பார். தெரியாத கண்ணால் படிக்க முடியாது, தடவிப் பார்ப்பார். அடுத்த வருஷம் வள்ளி கல்யாணம் முடிந்து இங்கே வந்தாள். அதற்கு அடுத்த மாசமே இவர் போய்விட்டார். கடனில்லாத வீட்டில் நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து இருந்தது ஒரு வருஷமும் சொச்சமும்தான். தனியாக விடமாட்டேன் என்று வள்ளி என்னை அழைத்துக்கொண்டு வந்தாள். வீட்டில் ஒரு வாத்தியார் குடும்பம் சொற்ப வாடகைக்கு இருக்கிறது. இவர் ஆணி அடித்த இடமெல்லாம் அப்படியே இருக்கிறதாம்.

புது வீட்டுக்குக் கையெழுத்துப் போட மகளும் மாப்பிள்ளையும் போனபோது என்னையும் அழைத்துப்போனார்கள். ஏசி ஆபீஸ். எதிரில் மலாய்க்காரப் பெண், பூப்போட்ட முக்காடு, நல்ல சிரித்த முகம். எனக்கு மறுபடியும் அதே கேள்வி தொண்டைக்கு வந்தது. இந்தத் தடவை வள்ளி காதில், மொத்தம் எவ்வளவு என்று கேள் என்றேன். அவள் இங்கிலீஷில் ஏதோ கேட்டாள். அந்தப் பெண் என்னைப் பார்த்துச் சிரித்து, ஒரு தாளில் நம்பர் எழுதி வட்டம் போட்டு என் பக்கம் திருப்பினாள். மாசத் தவணை. நான் தலையை ஆட்டி, இது இல்லை என்று கையை விரித்துக் காட்டினேன். பணம் அதிகம் என்று கிழவி கவலைப்படுகிறாள் என்று அந்தப் பெண் நினைத்துக்கொண்டாள். வேறொரு நம்பர் எழுதினாள். வருஷத்தைக் கூட்டி மாசத்தைக் குறைத்த நம்பர். வள்ளி சந்தோஷப்பட்டுவிட்டாள்.

"பாத்தியாம்மா, நீ கேட்டதும் கொறச்சிட்டாங்க."

குறைத்தது மாசத்தை, ஏற்றினது மொத்தத்தை என்று அவளுக்கு அங்கேயே சொல்ல நினைத்தேன். பின்னால் வரிசையில் ஆட்கள் நின்றார்கள். வீட்டுக்கு வந்து சொன்னேன். அவள் கேட்டுவிட்டு, இங்கே எல்லாரும் இப்படித்தான் வாங்குகிறார்கள், சம்பளம் ஏறும், காசு மதிப்பு இறங்கும், அப்பா காலம் வேறு என்றாள். இருக்கலாம். இந்த ஊர்க் கணக்கு எனக்குத் தெரியாது. ஆனால் அந்த வீட்டுக்கும் கீழே மண் கிடையாதாம். தொண்ணூற்றொன்பது வருஷத்துக்கு இருக்கலாம், அப்புறம் அரசாங்கத்துக்கே போய்விடுமாம். போக்கியம் மாதிரிதான் இருக்கிறது என்று நினைத்தேன்.

போன வாரம் தூதரகத்துக்குப் போய் வீட்டை விற்கப் பவர் எழுதிக் கொடுத்துவிட்டேன். ஊரில் வேறு ஆள் இல்லை, ஏழுமலை பேருக்குத்தான் எழுதினேன். வாங்க ஆள் தயாராக இருக்கிறது என்று அவன் முன்னாலேயே சொல்லி அனுப்பியிருந்தான். விற்க எனக்கு மனசில்லை. மாப்பிள்ளை பேனாவைத் திறந்து நீட்டினார். அதில் பழி சொல்ல ஒன்றுமில்லை, நல்ல பிள்ளை. வேண்டாம் என்று அப்போதும் எனக்குச் சொல்ல வரவில்லை. ஒரு காணி நிலம் வீடாயிற்று, வீடு முதல் பணமாயிற்று, இனி அது இருபத்தைந்து வருஷத்துக்கு மாசத் தவணையாகப் போகும்.

திரும்பி வந்து நடையில் நின்றேன். மல்லாட்டைப் பூ மேலே பூத்தாலும் காய் மண்ணுக்குள்தான் காய்க்கும். பூ வாடினதும் அதன் அடியிலிருந்து ஊசி மாதிரி விழுது கிளம்பி மண்ணைத் தேடி இறங்கும். மண் தட்டினால் காய்; தட்டாவிட்டால் நுனி கருகிவிடும். சட்டி சின்னது, செடி வழிந்துவிட்டது. உள்பக்கத்து விழுதுகள் கடைமண்ணில் இறங்கிவிட்டன. சுவருக்கு வெளியே சாய்ந்த கிளையில் ஐந்தாறு விழுதுகள் வெறும் காற்றில் தொங்கிக்கொண்டிருந்தன. சீன அம்மா பார்த்தார். காய்ந்த வேர் என்று நினைத்திருப்பார். எனக்கு ஒத்தாசையாக உள்ளே போய்க் கத்தரிக்கோல் எடுத்து வந்தார்.

நான் அவர் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டேன். "வேண்டாம்," என்றேன். சத்தமாகவே வந்தது, தமிழில். அவருக்குப் புரிந்துவிட்டது. கத்தரிக்கோலைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு என் பக்கத்திலேயே நின்றார். விழுதுகள் பன்னிரண்டு மாடிக்குக் கீழே இருக்கிற மண்ணைப் பார்த்துத் தொங்கிக்கொண்டிருந்தன.